படம் வந்தா போதும்

அவர் கடையில் யாரும் ‘போதும்’ என்று சொல்லக்கூடாது. அப்படியொரு சட்டம் இருப்பதாகச் சுவரில் எழுதிப் போடவில்லை. எழுதிப் போட்டிருந்தால் எத்தனையோ பேருக்குப் புண்ணியமாகப் போயிருக்கும். வாய் தவறிச் சொல்லி மாட்டிக்கொண்ட பிறகுதான் தெரியவரும். அதுவும் பலருக்கு வீட்டுக்குப் போய்ச் சேர்ந்த பிறகுதான்.

ஈப்போவில், சிலிபின் பக்கம், ஒரு மளிகைக் கடைக்கும் முடி வெட்டும் கடைக்கும் நடுவில் அவருடைய கணினிக் கடை இருந்தது. அலுவலகங்கள் கழித்துக்கட்டிய பழைய கணினிகளை வாங்கி வந்து, துடைத்து, இலவசமாகக் கிடைக்கும் லினக்ஸ் போட்டு, ரப்பர் தோட்டத்திலிருந்து வெளியேறி வந்த நம் குடும்பங்களுக்குக் குறைந்த விலையில் கொடுப்பார். நான் இருந்த தொழிற்சாலை ஆட்களைக் குறைத்தபோது, மனைவி மக்களோடு நடுத்தெருவில் நிற்காமல் இருக்க அங்கே போய் வேலைக்குச் சேர்ந்தேன். அவர் பெயரைச் சொல்ல எனக்கு மனமில்லை. ஊரில் எல்லாரும் ‘அண்ணே’ என்றார்கள். நானும் அப்படியே கூப்பிட்டேன்.

ஒல்லியான ஆள். எந்த வெயிலிலும் முழுக்கைச் சட்டை, மணிக்கட்டுப் பொத்தான் கழற்றாமல். சட்டைப் பையில் எப்போதும் ஒரு ஸ்க்ரூடிரைவர். யாரையும் ஏமாற்ற மாட்டார். நல்ல பாகத்தைக் கழற்றிக்கொண்டு கெட்டதை மாட்டி அனுப்பும் வேலையெல்லாம் அவரிடம் கிடையாது. அவர் சத்தம் போட்டு நான் ஒரு நாளும் கேட்டதில்லை. போட்டிருந்தால் தேவலாம் என்று இப்போது தோன்றுகிறது. சத்தம் போடுகிறவன் போட்டு முடித்ததும் அடங்கிவிடுவான்.

முதலில் நான் பார்த்தது பக்கத்துத் தெரு அக்கா ஒருவரின் கணினியை. ஸ்பீக்கரில் சத்தம் நின்றுபோய்விட்டது என்று கொண்டுவந்தார். அண்ணே வழக்கமான கேள்வியைக் கேட்டார், “ஒங்களுக்கு என்னா வேணும்?”

“சத்தம் வந்தா போதும்ணே” என்றார் அக்கா.

அண்ணே உள்ளே போனார், எதையோ மாற்றினார், கொடுத்து அனுப்பினார். சில வாரங்கள் கழித்து அக்கா திரும்பி வந்தார். வலது பக்க ஸ்பீக்கர் பேசவே இல்லையாம்.

“சத்தம் வருதா?”

“ஒரு பக்கம் வருதுண்ணே.”

“அதானே கேட்டீங்க.”

அக்கா என்னைப் பார்த்தார். நான் குனிந்துகொண்டேன். “ரெண்டு பக்கமும் வரணும்ணே, நல்லா வரணும்” என்று அக்கா சொன்ன மறுகணம், அண்ணே எழுந்துபோய் ஒரு பொத்தானைத் தட்டிச் சரிசெய்தார். முகத்தில் அவ்வளவு மலர்ச்சி. அந்த அக்கா போன பிறகு நான் வாய்விட்டுச் சிரித்தேன். நல்ல வேடிக்கையான மனுசன் என்று மனைவியிடமும் சொல்லிச் சிரித்தேன். ஆரம்பத்தில் எனக்கு அவரைப் பிடித்துத்தான் இருந்தது.

தீபாவளிக்கு அவர் வீட்டுக்கு நாலைந்து குடும்பங்களைக் கூப்பிட்டிருந்தார். நம் பந்தியில் ‘போதும்’ என்றால் என்ன பொருள் என்று குழந்தைக்கும் தெரியும். இலைக்கு மேலே கையை விரித்து “போதும் போதும்” என்பார்கள். பரிமாறுகிறவர் காதில் வாங்காமல் இன்னொரு கரண்டி வைப்பார். அந்தக் கரண்டியை நம்பித்தான் ‘போதும்’ என்றே சொல்வது. அவர் வீட்டில் அவரே பரிமாறினார். அரைக் கரண்டி சோறு விழுந்ததும் நான் மரியாதைக்குப் “போதும்ணே” என்றேன். அவர் அடுத்த இலைக்குப் போய்விட்டார். அந்த இலைக்காரரும் போதும் என்றார். அதற்கடுத்தவரும். சோற்றுப் பானை உள்ளே போயிற்று, கதவு மூடியது. அத்தனை பேரும் கறியைத் தொட்டுக்கொண்டு வெறும் இலையைப் பார்த்து உட்கார்ந்திருந்தோம். புறப்படும்போது அவர் மனைவி வாசல் கேட் ஓரமாக நின்று, ஆளுக்கொரு பையில் சோறும் கோழியும் புங்குஸ் பண்ணி, பொட்டலமாகக் கட்டிக் கொடுத்தார். “மனசுல வச்சிக்காதீங்க, அவரு அப்பிடித்தான்” என்றார். அந்த அம்மாள் இதை எத்தனை வருடமாகச் செய்துகொண்டிருந்தாரோ.

இதில் ஒரு விசேஷம், சட்டம் நமக்கு மட்டும்தான். மலாய்க்காரர் வந்து அவர் மொழியில் போதும் என்று “சுக்கோப்லா” என்றால் சிரித்துக்கொண்டே இன்னும் நான்கு வேலை கூடுதலாகச் செய்து கொடுப்பார். சீனக் கிழவி வந்து அதையே “காவ் லா, காவ் லா” என்றாலும் குற்றமில்லை, வேலை முழுதாக நடக்கும். ஏன் இந்த ஓரவஞ்சனை என்று ஒரு நாள் கேட்டுவிட்டேன்.

“அவங்க சொன்னா அது அளவு. நம்மாளு சொன்னா அது கும்புடு” என்றார்.

கேட்க நன்றாகத்தான் இருந்தது. அவர் சொல்கிற பலதும் கேட்க நன்றாக இருக்கும்.

என் விஷயத்துக்கும் வருகிறேன். அப்பாவை ஈப்போ பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தோம். லீவு கேட்டேன். பழக்க தோஷம், “ஒரு நாள் போதும்ணே” என்று வந்துவிட்டது. அடுத்த நாள் காலையில், அப்பாவை இன்றைக்கே ஆபரேஷனுக்குக் கொண்டுபோகப் போகிறோம் என்று சொன்னார்கள். போன் செய்தேன்.

“ஒரு நாளுன்னு சொன்னே” என்றார்.

“ஆபரேசன்ணே.”

“ஒரு நாளு போதும்னு சொன்னே. நேத்தோட முடிஞ்சிருச்சி. வந்திரு.”

வேலை போய்விடுமே என்ற பயத்தில் போனேன். அப்பாவை உள்ளே தள்ளிக்கொண்டு போன நேரத்தில் நான் யாருடைய கீபோர்டிலிருந்தோ ரொட்டித் துணுக்குகளைத் தட்டிக்கொண்டிருந்தேன். அண்ணே எதிரே உட்கார்ந்து தேத்தண்ணி குடித்தார். “பத்து நாள் கேட்டிருந்தா குடுத்திருப்பேன்” என்றார். பொய்யில்லை, கொடுத்திருப்பார். அதுதான் வயிற்றெரிச்சல். அப்பா பிழைத்துக்கொண்டதால் இதை இப்போது நிதானமாக எழுத முடிகிறது.

எல்லாவற்றையும் கேட்டு வாங்குகிறவர்களிடம் அவர் வேறு மனிதர். ஒரு முறை ஒரு பெண்மணி வந்து அது வேண்டும், இது வேண்டும், எழுத்து இந்த அளவில் வேண்டும், திரையில் முருகன் படம் வேண்டும், அதுவும் மயிலோடு நிற்கிற படம்தான் வேண்டும் என்று மூச்சு விடாமல் கேட்டார். அண்ணே சாப்பிடக்கூடப் போகாமல் உட்கார்ந்து எல்லாவற்றையும் செய்தார். தானே தூக்கிக்கொண்டுபோய்க் காரில் வைத்தார். திரும்பி வந்து, “கேட்டாங்க பாரு. அப்பிடிக் கேக்கணும்” என்றார். காதலில் விழுந்தவன் முகம்போல இருந்தது.

காரணம் இல்லாமல் இல்லை. ஹுத்தான் மெலிந்தாங்கில் ஒரு மீன் வியாபாரிக்குக் கணினிகளைக் கொண்டுபோய் மாட்டிவிட்டுத் திரும்பும் வழியில், வேனை ஓட்டிக்கொண்டே சொன்னார். தோட்டத்தை விற்றபோது துரை ஒவ்வொரு குடும்பத்தையும் கூப்பிட்டு என்ன வேண்டும் என்று கேட்டிருக்கிறார். சிலர் நிலம் கேட்டார்கள், சிலர் சண்டை போட்டார்கள். இவருடைய அப்பா பால்மரம் வெட்டிய கையைக் கூப்பி, “தங்க ஒரு எடம் இருந்தா போதும்ங்க தொரை” என்றாராம். ஒரு இடம் கிடைத்தது. தகரம் போட்ட நீள வீட்டில் ஒரு அறை, கொஞ்ச நாளைக்கு என்று சொல்லி. அதிலேயே மழையில் நனைந்து நனைந்து அவருடைய அம்மா செத்துப்போனார்.

“எங்கப்பன் ஒரு வார்த்தையில எங்கம்மாவக் கொன்னாரு” என்றார். எனக்கும் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் காரணம் இருக்கிறது என்பதற்காகக் கொடுமை இனித்துவிடாது. துரைமேல் காட்ட வேண்டிய கோபத்தை அவர் தன் அப்பாவைப்போல இருந்தவர்கள்மேல் காட்டினார். துரை போய்விட்டார். இவர்கள்தானே கைக்குக் கிடைத்தார்கள்.

பீடோரிலிருந்து அந்த மனிதர் வந்தது அதற்குக் கொஞ்ச நாள் கழித்துத்தான். கொய்யாத் தோட்டத்தில் வேலை செய்கிறவர். கணினியைப் போர்வையில் சுற்றி, கூட்டாளியின் வேனில் எடுத்து வந்திருந்தார். கூடவே மகள் தர்ஷினி, பதினாறு வயது. சின்ன வயதில் காய்ச்சல் வந்து காது போய்விட்ட பிள்ளை.

“கரிஞ்ச வாசன வந்துச்சிண்ணே, அப்பறம் ஸ்கிரீன் இருட்டாயிருச்சி” என்றார். பிறகு எதற்கு அவசரம் என்றும் சொன்னார். கோலாலம்பூரிலிருந்து ஒரு டீச்சர் வருகிற சனிக்கிழமை தொடங்கி, வாராவாரம் இந்தக் கணினி வழியாகக் காது கேளாத பிள்ளைகளுக்குக் கை மொழி சொல்லித் தரப்போகிறார். நன்றாகக் கற்றுக்கொள்கிற பிள்ளையை அங்கேயே ஆஸ்டலில் சேர்த்து, ரொட்டி கேக் செய்யும் தொழில் பயிற்சிக்கு எடுத்துக்கொள்வார்கள். “இவளுக்கு அந்த எடம் கெடைச்சிட்டா நான் கண்ண மூடலாம்ணே. எங்கூட்டுல அவகிட்ட பேசுறதுக்கே ஆளு இல்ல.”

அண்ணே மூடியைக் கழற்றிப் பார்த்தார். யாரோ கேம் விளையாடுவதற்காகப் பிறகு பொருத்திய, திரைக்குப் படம் அனுப்பும் கிராபிக்ஸ் கார்டு கருகிக் கிடந்தது. அதைப் பிடுங்கி மேசைமேல் போட்டார். “இது செத்துருச்சி. ஒன்போர்டுலயே ஓட்டலாம்” என்றார். ஒன்போர்டு என்று நாங்கள் சொல்வது கணினிக்குள்ளேயே கூடப் பிறந்து வருகிற கிராபிக்ஸ். தனியாகக் கார்டு வேண்டியதில்லை. வகுப்புக்கும் வீடியோவுக்கும் அது தாராளம்.

பிறகு அந்தக் கேள்வி வந்தது. “ஒங்களுக்கு என்னா வேணும்?”

மனிதர் இரண்டு கையையும் நெஞ்சுக்கு நேராகக் கொண்டுபோனார். “படம் வந்தா போதும்ணே.”

அண்ணே அவருடைய கைகளையே பார்த்தார். “வேற?”

“வேற ஒன்னும் வேணாம்ணே. ஒங்களுக்கு ஏன் செரமம். படம் வந்தா போதும்.”

நான் வாய் திறப்பதற்குள் அண்ணே வேலையைத் தொடங்கிவிட்டார். திரையின் வயரைக் கார்டு இருந்த இடத்திலிருந்து எடுத்துப் பின்பக்கம் மேலே இருக்கும் ஒன்போர்டு துளையில் செருகினார். கணினி விழிக்கும்போது முதலில் ஓடுகிற பயோஸுக்குள் போய், இனிக் கார்டைத் தேடாதே, உள்ளே இருப்பதை எடுத்துக்கொள் என்று மாற்றினார். லினக்ஸ் கிளம்பியது, திரை கறுப்பாகவே நின்றது. செத்துப்போன கார்டை இயக்கிய டிரைவர் மென்பொருளும் அதன் அமைப்புகளும் இன்னும் உள்ளே இருந்ததுதான் காரணம். அப்படி நின்றால் ‘நோமோட்செட்’ என்று ஒரு சொல்லைத் தொடக்க வரியில் சேர்ப்போம். எந்த டிரைவரையும் தொடாமல் சும்மா ஒரு படத்தை மட்டும் காட்டு என்று பொருள். படம் வரும். ஆனால் கிராபிக்ஸ் வேலை செய்யாது. எல்லாப் பாரமும் கணினியின் மூளைமேல் விழுந்து, அசைகிற எதுவும் விட்டு விட்டுத்தான் அசையும். அது உள்ளே நுழைய மட்டும் போடுகிற சொல். நுழைந்ததும் பழைய டிரைவரைக் கழித்துவிட்டு அந்தச் சொல்லை எடுத்துவிட வேண்டும். அண்ணே அதை எடுக்கவில்லை. ஒவ்வொரு தடவை திறக்கும்போதும் தானாகவே வரும்படி நிரந்தரமாகப் பதித்து வைத்தார்.

“படம் வந்துருச்சி. எடுத்துட்டுப் போங்க.”

மனிதர் திரையைப் பார்த்துக் கும்பிட்டார். எழுத்தெல்லாம் கொஞ்சம் பெருத்து இருந்ததை அவர் எங்கே கண்டார். நான் வேன்வரை தூக்கிக்கொண்டு போனேன். “ஐயா, உள்ள போயி, நல்லா ஓடணும்னு ஒரு வார்த்த கேளுங்க. கேட்டா செய்வாரு” என்றேன்.

“படம்தான் வருதே தம்பி. போதும். அவரு வேலைய ஏன் கெடுக்கணும்” என்று சொல்லிவிட்டு ஏறிக்கொண்டார். பிள்ளை சன்னல் வழியாக எனக்குக் கையாட்டினாள். நான் உள்ளே வந்து, “அந்தச் சொல்ல எடுக்கலியேண்ணே” என்றேன்.

“படம் வந்துச்சா இல்லியா?”

“வந்துச்சி.”

“அப்பறம் என்னாலா?” என்று அடுத்த கணினியை இழுத்தார்.

அதே மனிதர் பல மாதங்கள் கழித்து அதே போர்வையில் கணினியைச் சுற்றிக்கொண்டு வந்தார். மகளும் வந்திருந்தாள். இப்போது மூக்குக்கண்ணாடி போட்டிருந்தாள்.

“இத வச்சிக்குங்கண்ணே. படிக்கிற புள்ள யாருக்காச்சும் குடுங்க. எங்களுக்குத் தேவப்படல” என்றார்.

நான்தான் ஏன் என்று கேட்டேன். சொன்னார். பிள்ளைக்குக் கை மொழி வரவில்லையாம். கை வெட்டி வெட்டிப் போகிறதாம், மற்ற பிள்ளைகள் சிரிக்கிறார்களாம். டீச்சர் நல்லவர்தான், எவ்வளவோ பார்த்துவிட்டு, இவளுக்குக் கையில் ஏதோ கோளாறு இருக்கும்போலத் தெரிகிறது என்று சொல்லிவிட்டார். ஆஸ்டல் இடம் வேறு பிள்ளைக்குப் போய்விட்டது. “நாங்க கண்ணுலதான் கோளாறுன்னு கண்ணாடி வாங்கிப் போட்டோம். அப்பவும் வரல. இப்ப எங்கூடவே கொய்யாக் காய்க்குப் பூச்சி அண்டாம பை கட்ட வர்றா.”

கணினியைப் பற்றி ஒரு குறை சொல்லவில்லை. சந்தேகம்கூட அவருக்கு இல்லை. படம் கடைசிவரை வந்துகொண்டுதானே இருந்தது.

அண்ணே கணினியை மேசைமேல் வைத்து ஓடவிட்டார். சேமித்து வைத்திருந்த வகுப்பு வீடியோ ஒன்றைத் திறந்தார். டீச்சரின் கை தாடையில் இருந்தது. நின்றது. அடுத்து நெஞ்சில் இருந்தது. தாடையிலிருந்து நெஞ்சுக்கு எப்படி வந்தது என்பது திரையிலேயே இல்லை. நான் பக்கத்தில் திரும்பினேன். தர்ஷினியின் கையும் பழக்கத்தில் கூடவே போய்க்கொண்டிருந்தது. தாடை. நின்றது. நெஞ்சு. பிள்ளை தான் பார்த்ததை ஒரு பிழையில்லாமல் கற்றிருந்தாள். திரை நின்ற இடத்திலெல்லாம் நின்றிருந்தாள்.

அண்ணே அந்தச் சொல்லை அழித்தார், பழைய டிரைவரைக் கழித்தார், மறுபடி திறந்தார். நான் கலக்கி வைத்த தேத்தண்ணியில் இன்னும் ஆவி போய்க்கொண்டிருந்தது, அதற்குள் முடிந்துவிட்டது. அதே வீடியோவை ஓடவிட்டார். டீச்சரின் கை தாடையைத் தொட்டு, வளைந்து, விரல்கள் விரிந்து, மெதுவாக இறங்கி நெஞ்சுக்கு வந்தது.

தகப்பன் வாயைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தார். “டீச்சரு கைய இப்பிடியாண்ணே ஆட்டுவாங்க?” என்றார்.

“அன்னிக்கே கேட்டிருந்தா அன்னிக்கே செஞ்சிருப்பேன்” என்றார் அண்ணே.

மகள் தகப்பனின் சட்டையை இழுத்து, அவர் என்ன சொல்கிறார் என்று முகத்தால் கேட்டாள். அவர் திரையைக் காட்டினார். தன்னைக் காட்டினார். பிறகு சாமி முன்னால் போட்டுக்கொள்வதுபோல இரண்டு கன்னத்திலும் போட்டுக்கொண்டார். எனக்கு அண்ணேயைப் பிடித்து அந்த மேசையோடு கவிழ்க்க வேண்டும் போலிருந்தது.

பிள்ளை எங்கள் யாரையும் பார்க்கவில்லை. திரையை ஒட்டி நின்று கையைத் தூக்கினாள். தாடை. நின்றது. நெஞ்சு. மறுபடியும் தூக்கினாள். நடுவில் இருக்கும் அந்த வளைவை இப்போதுதான் முதல்முறை பார்க்கிறாள், அதைச் செய்யத்தான் பார்க்கிறாள். ஆனால் கை அந்த இடத்துக்கு வந்ததும் தானாக நின்றுகொண்டது. இடது கையால் வலது மணிக்கட்டைப் பிடித்துக் கீழே இழுத்தாள். விட்டதும் மறுபடி நின்றது.

தகப்பன் கொஞ்ச நேரம் அதைப் பார்த்தார். பிறகு அண்ணேயிடம் திரும்பினார். இந்த முறை கையைக் கூப்பவில்லை.

“மிசினு சரியாயிருச்சிண்ணே. இவ கையையும் சரி பண்ணிக் குடுங்க. நல்லா ஓடணும். மத்த புள்ளைங்களுக்கு ஓடுற மாதிரி ஓடணும். அந்த டீச்சரு திரும்பக் கூப்புடணும். அந்த எடம் எம்புள்ளைக்கே வேணும்ணே.”

கோபமில்லை. நிஜமாகவே கேட்டார். அண்ணே செய்து கொடுப்பார் என்று நம்பிக் கேட்டார்.

அண்ணே கணினியின் மூடியை எடுத்துப் பொருத்தி ஸ்க்ரூவை முடுக்கினார். முடுக்கியதையே மறுபடி முடுக்கினார். கடைசியில் தகப்பன் போர்வையை எடுத்துக் கணினியைச் சுற்றினார், மகளின் தோளைத் தொட்டார். வேன் கிளம்பிப் போயிற்று.

“பாத்தியா தம்பி” என்றார் அண்ணே. “இப்ப கேக்கத் தெரிஞ்சிருச்சி.”

அந்தக் குரலில் சந்தோசம் இல்லை, வருத்தமும் இல்லை. எடுத்த காரியம் முடிந்த நிம்மதி மட்டும் இருந்தது. மற்றதையெல்லாம் அவருக்காக எப்படியாவது மறந்துவிடலாம், அந்த நிம்மதியை மட்டும் நான் மன்னிக்கவே மாட்டேன்.